ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டது

கௌனாஸ் நகரில் இரவு ஒன்றரை.
ஆறாவது மாடியில் நான்கு பேர், நான்கு திரைகள்,
என் கிண்ணத்தில் ஆறிப்போன பீட்ரூட் சூப்.
விளையாட முடியாதவர்கள்
தூங்க முடியாமல் எங்களிடம் வருகிறார்கள்.

முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்.
அது பூச்சியமா, ஓ-வா?
எட்டா, பி-யா?
ஒன்றா, ஐ-யா,
இல்லை சுரண்டும்போது நகம் போட்ட கோடா?
பாதிப் பேருக்கு இதிலேயே சரியாகிவிடும்,
நன்றிகூடச் சொல்லாமல் ஓடிவிடுவார்கள்.

சிலர் ரசீது எண்ணை அடித்துவிட்டு
என் பரம்பரையையே திட்டுவார்கள்.
கிளைபெதாக்காரர் ஒருவர்
பால் பாக்கெட்டின் பட்டை எண்ணை அனுப்பினார்.
அவரை நாங்கள் இன்னும் அன்போடு நினைத்துக்கொள்கிறோம்.

தவ்மாந்தாஸ் ஜிலிஸ் அந்த ரகமில்லை.
லாரி ஓட்டுகிறவர்.
போஸ்னான் பக்கத்தில் ஓர் ஓய்விடம்,
சட்டப்படி ஒன்பது மணிநேரம் வண்டி நகரக் கூடாது,
அதனால் அவரிடம் நேரம் இருந்தது.

படம் அனுப்பியிருந்தார்.
வண்டிக்குள் மஞ்சள் விளக்கு,
டீசல் ஏறிய பெருவிரல்,
அதன் கீழே இருபத்தைந்து எழுத்து.
ஓ ஓவாகவே இருந்தது. எட்டு எட்டுதான்.

"மகளுக்கு ஞாயிறு பிறந்தநாள்.
கையில் கொடுத்த பிறகு செல்லாது என்று வந்தால்
அவள் முகம் என்ன ஆகும்?
அதனால்தான் முன்கூட்டியே சோதித்தேன்.
மூன்று தடவை. மூன்றும் சிவப்பு."

எங்கே வாங்கினீர்கள்?
"ஹனோவர் தாண்டி, பெட்ரோல் நிலையத்தில்,
செவ்வாய்க்கிழமை, ராட்டர்டாம் போகும்போது."
சரி, நாட்டுப் பூட்டாக இருக்கும்,
அந்த மண்ணில் விற்றது இந்த மண்ணில் திறக்காது,
என்று நினைத்தேன்.
இல்லை. ஐரோப்பா முழுக்கச் செல்லும் அட்டை.

அப்புறம்தான் உள்ளே போய்ப் பார்த்தேன்.
ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டது.
செவ்வாய், இரவு பதினொன்று ஐம்பத்திரண்டு.
ஊர் ஷௌலேய்.
கணக்கின் பெயரில் ஜிலிதே.

எங்கள் மொழியில் பெயரின் வால் காட்டிக்கொடுத்துவிடும்.
அப்பா ஜிலிஸ் என்றால்
கல்யாணமாகாத மகள் ஜிலிதே.

இன்னொருவர் கணக்கைப் பற்றி மூச்சுவிடக் கூடாது.
விதி. சுவரில் ஒட்டியிருக்கிறது,
பக்கத்தில் தீயணைப்பான் மாதிரி சிவப்பாக.

நான் கேட்டது இவ்வளவுதான்:
அட்டையைப் படம் எடுத்தது எப்போது?
"வாங்கியவுடனே. சுரண்டி எடுத்தேன்.
தொலைந்துவிட்டால்?"
உங்கள் போனில் எடுக்கிற படங்கள்
எங்கே போய்ச் சேரும்?

மூன்று புள்ளிகள் ஆடின.
நின்றன.
மறுபடி ஆடின.
ஒரு கொள்கலன் வண்டியைப் பின்னால் எடுத்து
மூலையில் நிறுத்தும் நேரம்.

"வீட்டில் எல்லாருக்கும் ஒரே ஆல்பம்," என்று வந்தது.
பிறகு எதுவும் வரவில்லை.
பிறகு,
"பொடிக் கழுதை."

பணம் திரும்பக் கேட்பார் என்று
அந்தப் படிவத்தைத் திறந்து வைத்திருந்தேன்.
அவர் கேட்டது வேறு.
"நன்றாக விளையாடுகிறாளா?"

திரையில் இருந்தது, பதினான்கு மணிநேரம்,
அதில் ஆறு பள்ளிக்கூட நேரம்.
சொல்ல முடியாது என்று எழுதினேன்.
அதை அழித்துவிட்டு,
அட்டை வீணாகவில்லை என்று எழுதினேன்.

"மூடிவிடுங்கள்," என்றார்.
"ஞாயிறு உறையில் போட்டுக் கொடுக்கிறேன்.
அவள் வாயைப் பிளப்பாள்.
யாருக்கு நடிக்க வருகிறது என்று பார்ப்போம்."

மூடுவதற்குக் காரணம் கேட்கிறது கணினி.
தட்டச்சுப் பிழை, நாட்டுப் பூட்டு, மோசடி, மற்றவை.
மோசடி மேல் கொஞ்ச நேரம் அம்பை வைத்திருந்தேன்,
சிரிப்பதற்காக.
மற்றவை.

சூப்பின் மேல் ஏடு படிந்துவிட்டது.
அடுத்தவர் பனெவேஜிஸ்,
நாற்பது நிமிடமாகக் காத்திருக்கிறார்,
எல்லாம் பெரிய எழுத்தில் கத்துகிறார்,
நடுவில் ஓர் எட்டு இருக்கிறதாம்.

எட்டுதானா?