நான்கெல்லை

நான் பத்திரம் எழுதுகிறவள்.
திருவொற்றியூரில் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிரே
ஜெராக்ஸ் கடைக்கும் கரும்புச்சாறு வண்டிக்கும் நடுவில்
ஒரு மேசை, ஒரு கம்ப்யூட்டர்,
மழை வந்தால் இழுத்துவிட ஒரு தார்ப்பாய்.

வீட்டை விற்பவர்கள் அழுவார்கள் என்று நினைக்காதீர்கள்.
டோக்கன் நம்பரைப் பார்த்துக்கொண்டிருப்பார்கள்,
அவ்வளவுதான்.

பழைய பத்திரத்தைப் பார்த்துப் புதியது அடிக்க வேண்டும்.
மூலப்பத்திரங்களில் ஊர் வேறு மாதிரி:
வடக்கில் உப்பளத்து வண்டிப்பாதை,
மேற்கில் பெத்தபெருமாள் செட்டி சவுக்குத்தோப்பு.
தோப்பில் இப்போது கன்டெய்னர் லாரிகள்
வரிசையாக என்ஜினை அணைக்காமல் தூங்குகின்றன.
வண்டிப்பாதையில் டயாலிசிஸ் சென்டர்.
தீப்பெட்டிக் கம்பெனி போயே போய்விட்டது,
பெயர் மட்டும்
மெட்ரோவில் அறிவிப்பாக வந்து இறங்குகிறது.

நான் எதையும் திருத்துவதில்லை.
முன்பத்திரப்படி என்று ஒரு சொல் உண்டு,
அதைப் போட்டால் போதும்.
முத்திரைத்தாளில் இதுவரை
ஒரு சவுக்குமரம்கூட வெட்டப்பட்டதில்லை.

போன மாசியில் ஏகவல்லி வந்தாள்.
குப்பத்தை ஒட்டி ஆயிரத்து எண்ணூறு சதுர அடி,
ஓட்டு வீடு, ஒரு முருங்கை.
கிழக்கில் கன்னியப்பன் வீடும் கிணறும்.
வாங்குகிறவர் துளசிங்கம், துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறார்.
கேட்ட விலைக்கு எல்லாரும் சிரித்தார்கள்,
அவர் சிரிக்கவில்லை.
"எழுத்துல இருக்கறத நெலத்துல காட்டு" என்றார்.

அளக்கப் போனோம்.
சர்வேயர் மூன்று பக்கம் முடித்துவிட்டு
டேப்பைப் பிடித்தபடி நின்றார்.
"கெணறு எங்கமா?"

ஏகவல்லி கையை நீட்டினாள்.

கொட்டிய பாறைகளுக்கு அந்தப் பக்கம்,
அலைக்குள்,
இரண்டு சிமென்ட் உறைகள் ஒன்றன்மேல் ஒன்றாக
நிமிர்ந்து நின்றன.
மண் போய்விட்டது, கிணறு நின்றுவிட்டது.
அதன் விளிம்பில் ஒரு நீர்க்காகம்
சிறகை விரித்துக் காயவைத்துக்கொண்டிருந்தது.
"அதுக்கு முன்னாடி ரெண்டு தெரு சார்.
ஒண்ணுத்துல ரேஷன் கடைகூட இருந்திச்சி."
தெருக்களைப் பற்றிச் சொல்லும்போது
அவள் குரல் மாறவில்லை.
பஸ் ரூட் மாறியதைச் சொல்வது போலச் சொன்னாள்.

அளந்ததில் ஆயிரத்து நூற்றுப் பத்து வந்தது.

அன்று இரவு தட்டச்சு செய்தேன்.
மேற்படி சொத்தில் யாதொரு வில்லங்கமும் இல்லை.
முப்பது வருஷத்துக்குப் போட்டுப் பார்த்தாயிற்று,
அடமானம் இல்லை, வழக்கு இல்லை, ஜப்தி இல்லை.
கடல் எதையும் பதிந்துகொள்வதில்லை.
தீர்வை கட்டாமல், சாட்சிக் கையெழுத்து இல்லாமல்,
இரண்டு தெருக்களையும் முருங்கையின் பாதியையும்
சுவாதீனம் எடுத்திருக்கிறது.

(எனக்கென்று பத்திரம் எதுவும் கிடையாது.
எர்ணாவூர் குடியிருப்பில் மூன்றாவது மாடி,
ஒதுக்கீட்டு ஆணை, லேமினேட் செய்தது.
அதில் எல்லைகள் இல்லை, கதவு எண்தான்.)

கிழக்கில் என்று அடித்துவிட்டு
வெகுநேரம் கர்சர் துடிப்பதைப் பார்த்தேன்.
பிறகு எழுதினேன்:
கிழக்கில், தற்சமயம், கடல்.

சார்பதிவாளர் கண்ணாடியை ஏற்றினார்.
"தற்சமயம்னு பத்திரத்துல வராதும்மா.
சூரிய சந்திரர் உள்ளவரைன்னு மேல எழுதிட்டு
கீழ தற்சமயமா?"
சிவப்பு மையால் அடித்தார்.
இருவர் கைரேகையும் கேமராவில் ஏறியது.

வெளியே ஏகவல்லி பணத்தை
இரண்டாம் முறையும் எண்ணி ரவிக்கைப் பையில் வைத்தாள்.
"கன்னியப்பன் பேர எட்த்துட்டியா?"

எடுத்துவிட்டேன் என்றேன்.

"அந்தாளு எனக்கு எழுநூறு ரூபா தரணும்.
அத்த எய்த
எங்கியாச்சும் எடம் இருக்குதா பாரேன்."