வடக்குச் சுவரில் எல்லைத் தகராறு

உடம்பு கீழே, மண்ணுக்கு.
மேலே சுவரில் ஆளுக்கொரு தாழி:
வயிறு கல்லுக்குள், கழுத்து வெளியே,
வாய் சற்றே வானம் பார்க்க,
மழைக்கு மறைப்பாய் ஒரு பலகைக்கல்.
சுண்ணாம்பு குழைத்துப் பதிப்பது என் வேலை.

சுவர் நேரானதல்ல. காதுமடல் போல் வளைந்தது.
எவன் கட்டினானோ, காகசஸின் காற்றையெல்லாம்
நன்றாகத் தெரிந்தவன்.

தாழியின் அளவு என் கையில் இல்லை.
விருந்து மேசையில், கோப்பை காலியாகும் நேரத்தில்,
செத்தவர் இறங்கித் தொட்ட அடிச்சுரம் எது என்று
மூன்று பேர் பாடிக் காட்ட வேண்டும்.
பெரும்பாலும் மூன்றும் வேறு வேறாய் இருக்கும்.
நடுவில் உள்ளதைக் காதில் வைத்துக்கொண்டு
குயவர் ஜெமால் களிமண் திரி உருட்டத் தொடங்குவார்.

அக்டோபரில் கருங்கடல் காற்று மலையேறி வரும்.
முதலில் விழிப்பவை சின்ன வயிறுகள், குழந்தைகள்.
பிறகு பெண்கள். பிறகு மேய்ப்பர்கள்.
கடைசியில் ஆளுயரத் தாழி ஒன்று, ஒரு பாதிரியாருடையது.
அது காதில் கேட்காது,
பல்லில் தெரியும்.

நுக்சாரும் ஒதாரும்
ஓர் அக்ரூட் மரத்துக்காக முப்பத்தொரு வருடம் பேசிக்கொள்ளவில்லை.
வேர் ஒருவன் நிலத்தில், நிழல் மற்றவன் நிலத்தில்,
காய் இரண்டிலும்.
அரசாங்கம் இருமுறை சங்கிலி போட்டு அளந்தது.
மூன்றாம் முறை வருவதற்குள்
ஒரே பிப்ரவரியில் இருவரும் போய்விட்டார்கள்.
ஒன்பது நாள் இடைவெளி.
நடுவில் வேறு யாரும் சாகவில்லை.
சுவரில் அடுத்த குழி அடுத்த ஆளுக்கு.

இருவருக்கும் ஏறக்குறைய ஒரே குரல்.
அந்த ‘ஏறக்குறைய’தான் வினை.
காற்று பட்டதும் சுருதி இரண்டும்
ஒன்றை ஒன்று தள்ளி, இழுத்து,
வ்வொம்... வ்வொம்... வ்வொம்...
இருவர் பிடித்து இழுக்கும் ரம்பம்
மரம் அறுப்பது போல.
எந்த மரம் என்று ஊரில் ஒருவரும் கேட்கவில்லை.

ஓர் இரவு ஏணியோடு வந்தாள் லமாரா, ஒதாரின் மனைவி.
நுக்சாரின் வாயில் இரண்டு குவளைத் தண்ணீர் ஊற்றினாள்.
தண்ணீர் ஏறினால் சுருதி ஏறும்.
தன் ஆள் அடியில், கனமாக நிற்பான் என்று கணக்கு.
மறுநாள் அதே ஏணியில் மக்வாலா, நுக்சாரின் மனைவி.
ஒதாருக்கு மூன்று குவளை.
பார்த்தேன். யாரிடமும் சொல்லவில்லை.
நவம்பர் முடிவதற்குள்
அறுபது வயது ஆண்கள் இருவரும்
மீசை முளைக்காத பையன்களாய்க் கத்திக்கொண்டிருந்தார்கள்.

பிறகு ஓர் இரவு
அளவு தவறிப் பொருந்திவிட்டது.
ரம்பம் நின்றது.
சுவரிலிருந்து பள்ளத்தாக்குவரை ஒரே கோடு.
நாய்கள் எழுந்து உட்கார்ந்தன.
இரண்டு வீட்டுக் கதவும் திறந்தன.
இரண்டு பெண்களும் வாசலில் நின்றார்கள்,
எது தன்னுடையது என்று தெரியாமல்.

விடியுமுன் உறைபனி.
உள்ளே தண்ணீர் கல்லாகி
நுக்சாரின் வயிறு பிளந்தது.

ஒதார் தனியாக ஒலித்தான், சுத்தமாக, தப்பே இல்லாமல்.
நான்கு நாள் யாரும் சரியாகத் தூங்கவில்லை.
ஐந்தாம் நாள், பட்டப்பகலில்,
லமாரா என் கொட்டகைக்கு வந்தாள். மடி நிறைய அக்ரூட்.
‘இன்னொன்று பதிக்க வேண்டும். கூலி நான் தருகிறேன்.’

சாட்சி சொல்ல உட்கார்ந்தோம்.
மக்வாலா பாடினாள். நான் பாடினேன்.
லமாரா தலையசைத்தாள்: ‘இல்லை, இன்னும் கீழே.
என் ஜன்னலுக்கு எட்டடியில் இருந்து வைத குரல்,
எனக்குத் தெரியாதா.’
அவள் பாடினாள்.
மக்வாலா முக்காட்டை முகத்தின் மேல் இழுத்துக்கொண்டாள்.

ஜெமால் கேட்டார்:
‘ஒதாரின் அளவுக்கே செய்துவிடட்டுமா? ஒரே சுரம். தொல்லை இல்லை.’

‘வேண்டாம்’ என்றார்கள்,
இரண்டு பேரும், ஒரே மூச்சில்.

சுண்ணாம்பு காய்கிறது.
ஏணியை அங்கேயே விட்டு வந்திருக்கிறேன்.