ரப்பர் கடை மாடி

மார்த்தாண்டத்தில் அந்த மாடிக்கு
மரப்படி பதினாலு. ஒன்பதாவது இல்லை.
புதிதாய் வருபவன் விழுவான், மேலே சிரிப்பு கேட்கும்.
அதுதான் எங்கள் உறுப்பினர் சேர்க்கை.

கீழே ஜஸ்டஸின் அப்பா ஷீட்டு எடைபோட
புகைவாடை பலகை இடுக்கில் ஏறி
எங்கள் தாடிகளில் தங்கும்.
கட்டஞ்சாயா, கடன் பீடி,
திருவனந்தபுரத்திலிருந்து மைதீன் கொண்டுவரும்
அட்டை கிழிந்த பிரெஞ்சுக்காரர்கள்.
'விடியல்' என்ற சொல்லைத் தடைசெய்யக் கோரி
வேலப்பன் ஒரு ராத்திரி முழுக்கப் பேசினான்.
விடிந்துவிட்டது.

எழுபத்தைந்து ஜூலை. ரேடியோவில் ஒழுங்கு, ஒழுங்கு.
சன்னலுக்குச் சாக்கு கட்டி
சைக்ளோஸ்டைல் சுற்றினோம்.
ஐம்பது பிரதி. வாசகர் நாற்பது பேர்,
அதில் பதினொன்று நாங்கள்.

புகைக்கூட்டில் வேலைபார்க்கும் ரோசிலி
அன்று ஏறி வந்தாள். இருட்டில்,
ஒன்பதாவது படியில் விழாமல்.
"உலகத்துக்கெல்லாம் எழுதுதியளே,
கீழ ஆறு பேருக்கு மூணு வாரக் கூலி பாக்கி.
அதையும் ஒரு வரி போட்டா என்னவாம்?"

எல்லோரும் ஜஸ்டஸைப் பார்க்காமல் இருந்தோம்.
மைதீன்தான் ஸ்டென்சிலை எடுத்தான்.
பெயர் ஆறு, தொகை ஆறு.
வேலப்பன் திருத்த அதில் ஒன்றுமில்லை.

போலீசுக்குப் பயந்து கிடந்தோம்.
வந்தது ஜஸ்டஸின் அப்பா,
ஒரு கையில் அந்தத் தாள், மறுகையில் பூட்டு.
சனிக்கிழமை கூலி கொடுத்தார்,
ஐந்து பேருக்கு.

ஆறுக்கு ஐந்து, மோசமில்லை என்கிறான் வேலப்பன்,
பென்ஷன் வரிசையில் நின்றபடி.
எனக்கு வேறொன்று உறுத்துகிறது.
ராத்திரி பதினொரு சாயா கிளாஸ் அப்படியே கிடக்கும்.
மறுநாள் கழுவிக் கவிழ்த்திருக்கும்.
நாங்கள் யாரும் கழுவியதில்லை.