தொழில் என்ற கட்டம்

பெயர் எக்கார்ட் புரூன்ஸ். வயது எழுபத்திரண்டு.
குருசுக்குப்பத்தில் மாடியறை, வாடகைக்கு.
விசா நீட்டிப்புக்காக என் ஜெராக்ஸ் கடைக்கு வந்தார்
பங்குனி வெயிலில், கறுப்புக் குடையோடு.

பெயர்க் கட்டம் நிரம்பியது. ஊர்க் கட்டம் நிரம்பியது.
தொழில் என்ற கட்டத்தில் கர்சர்
சிமிட்டிக்கொண்டே நின்றது.

பாடகரா? இல்லை.
இசையமைப்பா? இல்லை.
வாத்தியம், இயக்கம், திரை இழுப்பது?
இல்லை, இல்லை,
திரைக்குச் சங்கம் இருக்கிறது, தொடவிடமாட்டார்கள்.
பிறகு ஆபரா அரங்கில் முப்பத்தொரு வருடம்
என்னதான் சார் பண்ணீங்க?

யோசித்தார்.
எதிரே மீன்கூடைக்காரி ஆட்டோவிடம்
பேரம் பேசி, ஏறி, போயும் சேரும்வரை.

"கடைசி டிராம் பதினொன்று பத்துக்கு.
நாயகி சாக பதினொன்று இருபது ஆகும்.
அந்தப் பத்து நிமிடத்தை எங்கிருந்து எடுப்பது,
எடுத்தது யாருக்கும் தெரியாமல்.
அது நான்."

எங்க பக்கம் கூத்தில்
விடிந்தால்தான் துரியோதனன் சாவான்,
பஸ்ஸை யாரும் பார்ப்பதில்லை என்றேன்.
பொறாமைப்பட்டார். முகத்திலேயே தெரிந்தது.

அப்புறம் நிற்கவில்லை பேச்சு.
மாலை நாலுக்கு நாயகனுக்குத் தொண்டை கட்டினால்
ஏழரைக்குள் இன்னொரு தொண்டையை
ஊர் ஊராகப் போனில் தேடி, ரயிலேற்றி,
தொளதொளத்த உடுப்புக்கு ஊக்கு குத்துவது.
பார்வையாளர் கையேட்டில் பன்னிரண்டு பக்கம் எழுதுவது
(இடைவேளையில் அதை விசிறிக்கொள்வார்கள்).
நிஜக் குதிரை கேட்கும் இயக்குநரை
குளம்புச் சத்தத்துக்குச் சம்மதிக்கவைப்பது.
அதுவே மூன்று வாரம் பிடித்ததாம்.

கணினிப் பட்டியலில் தேடினேன்.
தச்சர் இருந்தார், தூதர் இருந்தார்,
இவர் இல்லை.
'மற்றவை' என்று அழுத்தினேன்.

"பிறகு நிர்வாகி ஆனேன்,"
குடையை மடியில் போட்டுக்கொண்டார்.
சுவர் விழுந்து நாலாம் வருடம்.
பக்கத்துப் பக்கத்து ஊரில் இரண்டு அரங்கம்,
ஒன்றுக்குத்தான் காசு.
யார் எந்த வரியில் மூச்சு வாங்குவார் என்று
அவருக்குத் தெரியும்,
அதனால் பட்டியலை அவரே போடட்டும் என்றார்களாம்.

இதற்குமேல் டீ வந்தது. அவர் குடிக்கவில்லை.

அதிகாரிக்கு ஒரு விண்ணப்பக் கடிதமும் அடித்திருந்தேன்.
மூன்று பக்கம்.
கலையுலகுக்கு ஆற்றிய அரும்பணி,
எண்ணற்ற மேடைகள், எல்லாம் என் கைவரிசை.
வரிவரியாக ஆங்கிலத்தில் அவருக்குச் சொன்னேன்.
பென்சில் கேட்டார்.
அரும்பணி போயிற்று.
எண்ணற்றது போயிற்று.
இரண்டு 'மாண்புமிகு'வில் ஒன்று பிழைத்தது.
மிச்சம் ஒரே பக்கம்.
வாசித்தேன், சண்டாளா,
இப்போதுதான் கடிதமே தொடங்கியது போலிருந்தது.

அடியில் தன் கையால் ஒரு வரி சேர்த்திருந்தார்.
பத்தொன்பது கோரஸ் பாடகரை வேலையிலிருந்து நீக்கினேன்.

சார், இது அதிகாரிக்கு எதற்கு?
"எதற்குமில்லை. நீங்கள் வெட்டுங்கள்."

விரல் விசைக்கு மேலேயே நின்றது.
மின்விசிறி ஒரு சுற்று, இரண்டு சுற்று.
வெட்டினேன்.
"சரியான இடம்," என்றார், தொழில்காரர் குரலில்.
பத்தொன்பது பேரையும் ஒவ்வொருவராகச் சொன்னார் அதன்பின்,
ஆல்ட்டோ, ஆல்ட்டோ, பாஸ் என்று,
ஏதோ முகவரி சரிபார்ப்பதுபோல.
நான் எதையும் அடிக்கவில்லை.

பிரிண்ட் பக்கத்துக்குப் பத்து ரூபாய்.
இருபது ரூபாய் எனக்கு நட்டம்.

வாசலில் நின்று என் போர்டை வாசித்தார்,
எழுத்து தெரியாது, நீளம் தெரியும்.
ஜெராக்ஸ் லேமினேஷன் பிரவுசிங் பான்கார்டு
ஆதார் திருத்தம் ஸ்பைரல் பைண்டிங்.
"கடைசி இரண்டு எதற்கு மதாம்?"

ஸ்பைரல் மெஷின் உடைந்து ஒரு வருடமாகிறது.
அவருக்கு எப்படித் தெரியும்?