பாக்கி

ஒன்பது மணிக்கு ஷட்டரைப் பாதி இறக்குவேன்.
வில்லாபுரத்தில் கரண்ட் நிற்காத ராத்திரி.
ஆறு சிஸ்டம், கீபோர்டு ஒழுங்காய் உள்ளது நாலு.
எதிரணிக்கு எட்டு பாட் சேர்ப்பேன்.
பேர் நான் வைப்பதுதான்:
பாக்கி வைத்துப் போனவன் பேர்.

ஒச்சப்பன், இருபத்தைந்து ரூபாய்,
கூரையிலிருந்து சரிந்தான்.
துளசிராம் அறுபது. தலையில் ஒரே குண்டு.
மீரான் தர வேண்டியது பத்துதான்,
அதனால் கத்தி.
நாளைக்குத் தர்றேன் என்பதில்லை,
செத்த கையோடு எழுந்து வந்து
அதே சந்தில் நிற்பார்கள்.
நிஜத்தில் ஒருத்தனும்
இந்தத் தெருப்பக்கம் தலைகாட்டுவதில்லை.

சோணைமுத்து மட்டும்
ஏணிக்குப் பக்கத்துச் சுவரில் முட்டியபடி
ஓடிக்கொண்டே இருப்பான்.
மேப் செய்தவன் விட்ட பிழை.
முதுகில் சுட்டு என்ன கணக்கு?

நேற்று வந்தான், நிஜ சோணைமுத்து.
மாட்டுத்தாவணியில் லோடு இறக்கிய கை.
நாற்பதையும் சில்லறையாய் எண்ணி வைத்தான்.
"நோட்டுல அடிச்சிருண்ணே."

அடித்துவிட்டேன்.
ராத்திரி அவன் பேரை அழிக்கப் போய்
என் அணிக்கு மாற்றினேன்.

இந்தப் பக்கமும் ஒரு சுவர் இருக்கிறது.
முட்டிக்கொண்டு ஓடுகிறான்.
ஏழு பேர் வருகிற சத்தம்.
அவன் முதுகுக்குப் பின்னால்
போய் நின்றுகொண்டேன்.