பாகக் கணக்கு

பிரெஞ்சுக் கப்பல்காரன். பேர் கெர்வெலான்.
மணப்பாட்டு வாயில் அது கருவேலன் ஆயிற்று.
கோபப்படவில்லை. மரத்தைக் காட்டச் சொன்னான்.
முள்ளைத் தொட்டுப் பார்த்து
தன் ஊர்க் கரையிலும் முள்தான் அதிகம் என்றான்.

காப்பியில் உடன்குடிக் கருப்பட்டி கடித்துக் குடிப்பான்.
தென்கடலின் கடைக்கோடியில்
எவனும் காணாத மூன்று தீவுகளைக் கண்டவனாம்.
கண்ட அன்று அங்கே அடுப்பு புகைந்துகொண்டிருந்ததாம்.
அதையும் அவனேதான் சொன்னான்.

கடல் எண்ணெயாய்க் கிடந்த பங்குனியில்
ஈயக்குண்டை நான் இறக்கினேன்.
நனைந்த கயிற்றை நெஞ்சுக்குக் குறுக்கே இழுத்து
இரு கை விரித்தால் ஒரு பாகம்.
அவன் பாஷையிலும் கையைக் கொண்டுதான் கடலை அளப்பார்களாம்.
நான் "நாலே முக்கால்" என்பேன்,
துபாஷி மிராந்து திருப்பிச் சொல்வான்,
இறகு கீறும்.

அவன் ஆறடி.
நான் பாய்மரத்துக் கீழ்க்கட்டை தலையில் இடிக்காத உயரம்.
என் பாகத்துக்கும் அவன் பாகத்துக்கும்
ஒரு சாண் போகும்.
அவன் கேட்கவில்லை. நான் சொல்லவில்லை.
பேசின கூலியில் பாதிதான் தந்தான்,
அதுவும் உண்டு.

ஆவுளியாப் பாருக்கு மேல்
தன் பேரை எழுதிக்கொண்டான்.
எங்களுக்குக் கணியம் பார்க்க
சிலுவைக் கோயிலும் தேரி ஒற்றைப்பனையும் போதும்.

ஒன்பது வருஷம் கழித்து
ஏதோ தீவுக்குக் கவர்னர் ஆனானென்று சேதி.
கரும்பு வெட்ட ஆள் வேண்டுமாம்.
பனங்கிழங்கும் அற்றுப்போன வருஷம் அது.
குலசேகரப்பட்டினத்தில் நூற்றிப் பதினேழு பேர்
கீறல் வைத்து ஏறினார்கள்.
அந்தக் கப்பலின் மாலுமி மேசையில்
விரிந்து கிடந்தது
என் கை அளந்த படம்.

நாலே முக்கால் என்று எழுதின இடத்தில்
நாலு சொச்சம்தான் தண்ணீர்.

மரம் பிளக்கிற சத்தம்
கோயில் மேடு வரை கேட்டது.
மேல்தட்டுக்காரர்கள் வள்ளத்தில் கரையேறி
சட்டை பிழிந்துகொண்டிருந்தார்கள்.
கீழ்த்தட்டுக்குத் தாழ்
வெளிப்பக்கம்.

விடியுமுன் எட்டுத்தரம் முங்கினேன்.
கொண்டுவந்தது மூன்று பேர்.
மூச்சிருந்தது ஒருத்திக்கு, சாத்தான்குளத்துச் சுடலைவடிவு.
கண்ணைத் திறந்து
"தீவு வந்துட்டா?" என்றாள்.

கவர்னர் காய்ச்சலில், கட்டிலில் செத்தான்.
அங்கே ஒரு தெருவுக்கு அவன் பேராம்.
படத்தில் பாருக்கும் அதே பேர்.

நான் இன்னும் வலைக்கயிறு அளக்கிறேன்.
கை விரிகிறது.
அவ்வளவுதான் விரியும்.