ரசீது இல்லாத செலவு

பதினொரு படங்களில்
எபியெரேயின் அழுகையைப் பதிவுசெய்தவன் நான்.
முதலில் மூக்கால் ஒரு சின்ன இழுப்பு,
அப்புறம் மூச்சு நிற்கும்,
என் கருவியில் முள் பூஜ்யத்தில் படுத்துவிடும்.
லாகோஸ் முதல் பெனின் வரை
கைக்குட்டை தேடுவது அந்த இடத்தில்தான்.

இந்தப் படத்துக்கு அவள் தயாரிப்பாளர்.
அசாபாவில் வாடகைக்கு ஒரு மாடிவீடு.
விடிகாலை ஐந்துக்கு டீசல் கேனை ஆட்டி
எத்தனை லிட்டர் என்று காதாலேயே சொல்கிறாள்.
துணைநடிகர்களுக்கு நூற்றிருபது பொட்டலம் ஜொலோஃப் சோறு,
ஆளுக்கொரு கோழித்துண்டு,
இரண்டு எடுத்தவன் யாரென்று அவளுக்குத் தெரியும்.
பழைய விக்குகளை விற்று லென்ஸ் வாடகை கட்டினாள்.
"கல்யாண விக்கு மட்டும் போகவில்லை,
உனக்கு வேண்டுமா?" என்றாள்
என் வழுக்கையைப் பார்த்து.

மூன்றாம் நாள் பிற்பகல்
பக்கத்துப் பட்டறையில் ஒக்வுடிலி
ஒரு இரும்புக் கேட்டுக்குப் பற்றவைக்கத் தொடங்கினான்.
எங்கள் மரணப்படுக்கைக் காட்சி முழுக்க
அவன் ஜெனரேட்டர் இருமியது.
வெளிச்சம் சரிந்துகொண்டிருந்தது.
இயக்குநர் என்னைப் பார்த்தார்,
நான் தலையாட்டினேன்: இல்லை.
கணக்கு நோட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு
எபியெரே சுவரைச் சுற்றிப் போனாள்.

ஐயாயிரம் நைரா.
வேண்டாம் என்றான்.
எட்டாயிரம்.
முகமூடியைத் தூக்கினான்.
"சந்தையில் பிள்ளையைத் தொலைத்தவள் நீதானே?
அன்றைக்கு என் பெண்டாட்டி சமைக்கவே இல்லை.
ஒருமுறை அழு. அணைக்கிறேன்."

சுவருக்கு இந்தப் பக்கம் நான்.
மைக் எந்தத் திசையில் இருந்தது என்று கேட்காதீர்கள்.
மூக்கிழுப்பு வரவில்லை.
மூச்சு நிற்கவில்லை.
தொண்டைக்குள் யாரோ சரளைக்கல் கொட்டியதுபோல்
அசிங்கமாக, தாளம் தப்பி
ஏதோ வந்தது.
எந்த இயக்குநரும் கட் சொல்லியிருப்பார்.
"போதும், போதும்" என்றான் ஒக்வுடிலி.
ஜெனரேட்டர் நின்றது.
அது நின்ற பிறகும் அவள் நிற்க
ஒன்பது வினாடி ஆனது.
எண்ணுவது என் தொழில்.

வந்தாள்.
"ஐம்பது நிமிஷம் தந்திருக்கிறான், ஓடுங்கள்."
மூக்கைக்கூடத் துடைக்கவில்லை.

இரவு
கொசுவர்த்திப் புகையில் நோட்டைத் திறந்து
அமைதி, ஐம்பது நிமிஷம் என்று எழுதினாள்.
தொகைக் கட்டத்தில் பேனா நின்றது.
நடித்த காலத்தின் ஒரு நாள் சம்பளத்தைப் போட்டாள்.
அடித்தாள்.
பூஜ்யம் போட்டாள்.
அதையும் அடித்தாள்.
கணக்குப் பையன் கேட்டான்: "ரசீது?"

நான் சட்டைப்பையிலிருந்து மெமரி கார்டை எடுத்து
விரலில் ஒருமுறை புரட்டி
உள்ளேயே போட்டேன்.

அவள் பக்கத்தைத் திருப்பிவிட்டாள்.
நாளைக்கு ஒரு ஆடு வேண்டும்.
உயிரோடு.
வாடகைக்கு.